ஜோடிப் பட்டம் – 7: கிரீன்ஸ்பரோவில் ஒரு சனிக்கிழமை

1983 மார்ச் 12, சனிக்கிழமை. சாயங்காலம்.

அமெரிக்காவின் வட கரோலைனா மாநிலத்தில், கிரீன்ஸ்பரோ நகரத்துக்கு வரும் நெடுஞ்சாலையில் கார்கள் வரிசைகட்டி நின்றன. மழை இல்லை. விபத்தும் இல்லை. முன்னால் நிற்கும் கார் எங்கே போகிறதோ, பின்னால் நிற்கும் காரும் அங்கேதான் போகவேண்டியிருந்தது.

கிரீன்ஸ்பரோ கொலீசியம். அரங்கின் நடுவில் குஸ்தி மேடை. மேடையைச் சுற்றி நாலு பக்கமும் கம்பி வலைக் கூண்டு.

*

முதல் வாரத்திலிருந்து கூடவே வருகிறவர்களுக்கு நினைவிருக்கும். இந்தக் கதையை நாம் அதன் முடிவிலிருந்து சொல்லத் தொடங்கினோம். 2001 நவம்பர் 18 அன்று டட்லி பாய்ஸும் ஹார்டி பாய்ஸும் கூண்டுக்குள் மோதினார்கள். டபிள்யூ.சி.டபிள்யூ. என்ற குஸ்தி நிறுவனத்தின் டேக் டீம் பட்டம், அதாவது ஜோடிப் பட்டம், டபிள்யூ.டபிள்யூ.எஃப். நிறுவனத்தின் ஜோடிப் பட்டத்தோடு இணைக்கப்பட்டு, அந்த இரவோடு இல்லாமல் போயிற்று.

அந்தக் கூண்டு நின்றதும் இதே கிரீன்ஸ்பரோ கொலீசியத்தில்தான்.

பிறகு பின்னோக்கிப் போனோம். 1975 ஜனவரியில் ஜிம் கிராக்கெட் ஜூனியரின் நிறுவனம் இந்தப் பட்டத்தை உருவாக்கியது. ஜீன் ஆண்டர்சன், ஓலே ஆண்டர்சன் என்ற இருவர் அண்ணன் தம்பி என்று சொல்லிக்கொண்டு அதை முதலில் இடுப்பில் கட்டினார்கள். இருவருக்கும் ரத்த உறவு கிடையாது. பிறகு ரிக் ஃப்ளேரும் கிரெக் வாலன்டைனும் அவர்களிடமிருந்து அதைப் பறித்தார்கள்.

இன்னொன்றையும் பார்த்தோம். என்.டபிள்யூ.ஏ. என்ற கூட்டமைப்பு ஒற்றையர் உலகப் பட்டத்தை மட்டும் தன் பிடியில் வைத்துக்கொண்டது. ஜோடிப் பட்டத்தை அந்தந்த வட்டாரத்தின் விருப்பத்துக்கு விட்டுவிட்டது. அதனால் ஒரே காலத்தில் பல ஊர்களில் பல ‘உலக’ ஜோடிச் சாம்பியன்கள் உலவினார்கள். கிராக்கெட்டின் பட்டமும் அந்தப் பலவற்றில் ஒன்றுதான்.

பலவற்றில் ஒன்றாக இருந்த பட்டம் எந்த இரவில் தனித்து எழுந்தது? அந்த இரவைத்தான் இந்த வாரம் பார்க்கப்போகிறோம்.

*

முதலில் ஊரைப் பற்றி.

கிரீன்ஸ்பரோ ஆலை ஊர். ஜீன்ஸ் துணி நெய்த கோன் மில்ஸ் அங்கேதான் இருந்தது. பர்லிங்டன் இண்டஸ்ட்ரீஸின் தலைமையகமும் அங்கேதான். 1960 பிப்ரவரியில் நான்கு கறுப்பின மாணவர்கள் உல்வொர்த் கடையின் உணவு மேடையில் உட்கார்ந்து எழுந்திருக்க மறுத்ததால் உலகம் அறிந்த ஊரும் அதுவே. துணி ஆலை, புகையிலை, மரச்சாமான் தொழில் என்று வாரம் முழுக்க உடம்பால் உழைத்த மக்கள் வார இறுதியில் குஸ்தி பார்க்க வந்தார்கள்.

கரோலைனா மாநிலங்களும் வர்ஜீனியாவும் சேர்ந்த அந்த வட்டாரம் ஜோடிக் குஸ்தியின் தாய்வீடு. ஜூனியரின் தந்தையான முதிய ஜிம் கிராக்கெட் முப்பதுகளில் அங்கே தொழில் தொடங்கியவர். அவர் காலத்தில் அங்கே இருவருக்கு இருவர் மோதும் ஆட்டம்தான் பிரதானம். அவர் 1973-இல் இறந்தபிறகு ஒற்றையர் ஆட்டத்துக்கு முக்கியத்துவம் வந்தது. ஆனாலும் அந்த மக்களின் ருசி மாறவில்லை.

ஏன் அந்த ருசி? ஜோடி ஆட்டத்தின் இலக்கணத்தைப் பார்த்தால் புரியும். ஒருவர்தான் உள்ளே நிற்கலாம். கூட்டாளி மூலையில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு வெளியே நிற்பார். உள்ளே இருப்பவர் கையை நீட்டி அவர் கையைத் தட்டினால்தான் அவர் உள்ளே வரமுடியும். கெட்டவர்கள் இருவரும் மாறிமாறி வந்து நல்லவரை அடிப்பார்கள். அவர் தவழ்ந்து தன் மூலைக்குப் போவார். ஒரு விரல்கடை தூரம். காலைப் பிடித்து இழுத்துவிடுவார்கள். மறுபடியும் தவழ்வார்.

அந்த ஒரு விரல்கடை தூரத்தில்தான் பதினைந்தாயிரம் பேரின் மூச்சு நிற்கும்.

தொழில்முறைக் குஸ்தியில் யார் ஜெயிப்பது என்பது முன்பே தீர்மானமாகிவிடும். இதைத் தெரிந்துகொண்டு இந்தப் பட்டங்களின் வரலாற்றை ஏன் எழுதுகிறாய் என்று நண்பர்கள் கேட்கிறார்கள். என் பதில் இதுதான். பட்டம் யாருக்கு என்பதை அலுவலகத்தில் உட்கார்ந்து எழுதிவிடலாம். அதைப் பார்க்க ஒரு ஆலைத் தொழிலாளி சம்பளத்தில் ஒரு பங்கை எடுத்துக்கொண்டு, பிள்ளைகளைக் காரில் ஏற்றிக்கொண்டு கிளம்புவாரா என்பதை யாராலும் எழுதிவைக்க முடியாது. ஒரு பட்டத்தின் உண்மையான மதிப்பு அந்தப் பயணத்தில் இருக்கிறது.

*

நான்கு பேர்.

ரிக்கி ஸ்டீம்போட். இயற்பெயர் ரிச்சர்ட் பிளட். ஹவாயைச் சேர்ந்தவர் என்று அறிவிக்கப்பட்டாலும் பிறந்தது நியூயார்க் மாநிலத்தில். தாயார் ஜப்பானியர். நாலு வருஷம் கழித்து, 1987-இல் ரெஸில்மேனியா மூன்றில் ராண்டி சாவேஜோடு அவர் ஆடிய ஆட்டத்தை இன்றும் ரசிகர்கள் கொண்டாடுகிறார்கள். அடிவாங்குவதை ஒரு கலையாகச் செய்தவர் அவர். ஸ்டீம்போட் வலியில் முகம் சுளித்தால் கடைசி வரிசையில் இருக்கும் கிழவிக்கும் வலிக்கும்.

ஜே யங்பிளட். இயற்பெயர் ஸ்டீவன் ரொமேரோ. டெக்சாஸின் அமரில்லோவில் குஸ்திக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை ரிக்கி ரொமேரோ அந்தப் பகுதியில் பெயர்போன குஸ்திக்காரர். மகன் இறகுத் தலைப்பாகை அணிந்து அமெரிக்கப் பழங்குடி வீரராக மேடை ஏறினார். ஸ்டீம்போட்டும் அவரும் சேர்ந்து கைவிளிம்பால் வெட்டும் இரட்டை அடிக்குக் கூட்டம் காத்துக்கிடக்கும்.

எதிர்ப்பக்கம் சார்ஜன்ட் ஸ்லாட்டர். இயற்பெயர் ராபர்ட் ரீமஸ். அகலத் தொப்பி, கறுப்புக் கண்ணாடி, முன்தள்ளிய தாடை, விசில். ராணுவப் பயிற்சியாளர் வேடம். தொண்ணூறுகளில் நம்மூர்ப் பெட்டிக்கடையில் டிரம்ப் கார்டு வாங்கி விளையாடியவர்களுக்கு அந்தத் தாடை நினைவிருக்கலாம். 1991-இல் ஈராக் ஆதரவாளர் வேடத்தில் ஹல்க் ஹோகனிடம் உலகப் பட்டத்தை இழந்தவரும் இவரே.

நாலாவது ஆள் டான் கெர்னோடில். இவரைப் பற்றித்தான் நான் கொஞ்சம் நின்று பேசவேண்டும்.

*

மற்ற மூவருக்கும் வெளியூரில் பேர் இருந்தது. கெர்னோடிலுக்குச் சொந்த ஊர்தான் எல்லாம்.

அவர் பர்லிங்டன்காரர். கொலீசியத்திலிருந்து காரில் அரைமணி நேரம். எழுபதுகளில் தொழிலுக்கு வந்து, ஆண்டுக்கணக்கில் ஆட்ட வரிசையின் அடியிலேயே இருந்தவர். பெரிய பெயர்கள் ஜெயிப்பதற்காகத் தோற்றுக்கொடுத்த நல்ல பையன். ‘நம்ம ஊர்ப் பிள்ளை’ என்று ஜனங்கள் கைதட்டுவார்கள். அதற்குமேல் அவரிடம் எதிர்பார்க்கவும் மாட்டார்கள்.

அந்த நல்ல பையன் ஒருநாள் ஸ்லாட்டரின் படையில் சேர்ந்தார். ‘பிரைவேட் கெர்னோடில்’ ஆனார். கூடவே பிரைவேட் ஜிம் நெல்சன். கடைநிலைச் சிப்பாய்கள் இருவர், அவர்களை விசிலடித்து ஏவும் ஒரு சார்ஜன்ட்.

வெளியூர் வில்லனை வெறுப்பது சுலபம். வந்த வழியே போய்விடுவான். உள்ளூர்ப் பிள்ளை கட்சி மாறினால் அது வேறு கோபம். அவனுடைய பள்ளிக்கூடம் தெரியும், அவன் வீட்டுத் தெரு தெரியும். ‘இவனா!’ என்று கேட்கும் கோபம் அது. 1982-இல் ஸ்லாட்டரும் கெர்னோடிலும் உலக ஜோடிச் சாம்பியன்கள் என்று அறிவிக்கப்பட்டபோது, அந்த வட்டாரம் கொதித்ததற்கு ஸ்லாட்டரின் தாடை பாதிக் காரணம். மீதிப் பாதி கெர்னோடில். என் கணக்கில் பாதிக்கும் கொஞ்சம் அதிகம்.

வரலாறு அவரைச் சரியாகக் கவனிக்கவில்லை. ஸ்டீம்போட்டும் ஸ்லாட்டரும் பிற்காலத்தில் டபிள்யூ.டபிள்யூ.இ. (டபிள்யூ.டபிள்யூ.எஃப்.-இன் பிற்காலப் பெயர்) புகழ் மண்டபத்தில் ஏறினார்கள். கெர்னோடில் 2021-இல் காலமானபோது அவர் பெயர் அந்த வட்டாரத்துக்கு வெளியே அதிகம் பேசப்படவில்லை. இந்த வாரத்தின் கதாநாயகன் யார் என்று கேட்டால், தயங்காமல் அவர் பெயரைத்தான் சொல்வேன்.

*

பகை மாதக்கணக்கில் வளர்ந்தது.

இன்றைய குஸ்தியில் ஒரு பகை நாலு வாரத்தில் கிளம்பி, ஆறாவது வாரத்தில் அவிந்துவிடுகிறது. அன்றைக்குத் தொலைக்காட்சியின் வேலையே வேறு. சனிக்கிழமை தோறும் பாப் காடிலின் நிதானமான குரல் வீட்டுக்குள் வரும். ஸ்டுடியோவில் சிறுசிறு ஆட்டங்களும் பேட்டிகளும் நடக்கும். பெரிய மோதலை இலவசமாகக் காட்டமாட்டார்கள். அது வேண்டுமென்றால் சார்லட்டுக்கோ ரிச்மண்டுக்கோ கிரீன்ஸ்பரோவுக்கோ போய் டிக்கெட் வாங்கவேண்டும்.

அப்படி ஊர் ஊராகச் சாம்பியன்களும் ஸ்டீம்போட் ஜோடியும் மோதினார்கள். ஒவ்வொரு ஊரிலும் நியாயம் கைக்கெட்டும் தூரம் வரை வந்து நழுவியது. பட்டம் மட்டும் கைமாறவில்லை.

இந்தப் பகையை எப்படி நடத்துவது என்பதில் அந்த நால்வரின் சொந்த யோசனைகளுக்குப் பெரிய பங்கு உண்டு. அவர்கள் அவசரப்படவில்லை. பால் பொங்கும்வரை அடுப்பைத் தணித்தே வைத்திருந்தார்கள்.

பிறகு பந்தயம் வந்தது.

கடைசியாக ஒருமுறை. கூண்டுக்குள். தோற்றால் ஸ்டீம்போட்டும் யங்பிளட்டும் இனி ஒருபோதும் ஜோடியாக ஆடக்கூடாது.

இந்த நிபந்தனையின் கூர்மையைப் பாருங்கள். சாம்பியன்கள் பணயம் வைத்தது பெல்ட்டை. எதிராளிகள் பணயம் வைத்தது தங்கள் நட்பை. ஜோடிப் பட்டத்துக்கு இதைவிடப் பொருத்தமான பந்தயம் கிடையாது. நிகழ்ச்சிக்கு ‘தி ஃபைனல் கான்ஃப்ளிக்ட்’ என்று பெயர் வைத்தார்கள். இறுதி மோதல்.

*

அந்தச் சனிக்கிழமைக்கு வேறொரு போட்டியும் இருந்தது.

வட கரோலைனாவில் கல்லூரிக் கூடைப்பந்து என்றால் மதம் மாதிரி. அதே மார்ச் 12 அன்று, அட்லாண்டாவில், அந்த வட்டாரக் கல்லூரிகளின் போட்டியில் அரையிறுதி. மோதியவை இரண்டும் வட கரோலைனா அணிகள். ஒரு பக்கம் மைக்கேல் ஜோர்டன் ஆடிய பல்கலைக்கழக அணி. மறுபக்கம் என்.சி. ஸ்டேட். கூடுதல் நேரம்வரை போய் என்.சி. ஸ்டேட் ஜெயித்தது. அடுத்த மாதம் தேசியப் பட்டத்தையும் அதுவே வென்றது.

மாநிலத்தின் மொத்தக் கண்ணும் அட்லாண்டாவில் இருக்கவேண்டிய நாளில்தான் கிரீன்ஸ்பரோ நெடுஞ்சாலை அடைத்துக்கொண்டது.

கொலீசியத்தில் 15,000 பேருக்கு மேல் நிரம்பினார்கள். டிக்கெட் தீர்ந்துவிட்டது. ஆயிரக்கணக்கானவர்கள் வாசலோடு திரும்ப நேர்ந்தது. உள்ளே போகவும் முடியாமல், வீட்டுக்குப் போகவும் மனமில்லாமல் நின்ற அந்தக் கூட்டத்தை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கதையின் திருப்பம் கூண்டுக்குள் நிகழவில்லை. அந்த வாசலில்தான் நிகழ்ந்தது.

உள்ளே, கூண்டின் கதவு பூட்டப்பட்டது.

கூண்டு என்பது பழைய பஞ்சாயத்து. யாரும் ஓடமுடியாது. வெளியிலிருந்து யாரும் உதவிக்கு வரமுடியாது. மாதக்கணக்கில் தட்டிக்கழிக்கப்பட்ட கணக்கை அங்கேதான் தீர்த்தாகவேண்டும். தப்பிக்க வழி வைத்திருந்த சார்ஜன்டுக்கும் அவருடைய சிப்பாய்க்கும் அன்று வழி இல்லை. பர்லிங்டன் பிள்ளை தன் சொந்த ஜனங்கள் பதினைந்தாயிரம் பேரின் கூச்சலுக்கு நடுவே அடிவாங்கினார்.

ஸ்டீம்போட்டும் யங்பிளட்டும் ஜெயித்தார்கள்.

பெல்ட் கைமாறியது. ஜோடி பிரியவில்லை.

*

ஜிம் கிராக்கெட் ஜூனியரின் கையில் மறுநாள் இரண்டு கணக்குகள் இருந்தன. உள்ளே வந்தவர்களின் கணக்கு ஒன்று. திரும்பிப் போனவர்களின் கணக்கு இன்னொன்று.

முதல் கணக்கு சந்தோஷம். இரண்டாவது கணக்குதான் தூக்கத்தைக் கெடுக்கும். பணத்தோடு வந்தவர்களிடம் விற்க இடமில்லை. அரங்கைப் பெரிதாக்க முடியாது. அப்படியானால் ஆட்டத்தை அரங்கத்துக்கு வெளியே கொண்டுபோனால் என்ன?

வழி ஏற்கெனவே இருந்தது. முகமது அலியின் குத்துச்சண்டைகளைத் தொலைவில் உள்ள திரையரங்குகளுக்கும் கூடங்களுக்கும் நேரடியாக அனுப்பி, அங்கே டிக்கெட் விற்றார்கள். குளோஸ்டு சர்க்யூட் ஒளிபரப்பு என்று அதற்குப் பெயர். குஸ்தியிலும் ஒருசில முறை செய்துபார்த்ததுதான். ஆனால் ஒரு வட்டார நிறுவனம் தன் ஆண்டின் மிகப்பெரிய இரவை அதன்மேல் கட்டி எழுப்பியதில்லை.

இந்த யோசனை முதலில் தனக்குத்தான் வந்தது என்று பிற்காலத்தில் பலர் உரிமை கொண்டாடினார்கள். யாருக்கு வந்திருந்தாலும், அந்த யோசனைக்கு வயிற்றில் இடம் கொடுத்தது மார்ச் 12 இரவின் வாசற்கூட்டம்தான்.

1983 நவம்பர் 24, வியாழக்கிழமை. அமெரிக்கர்களின் நன்றி நாள். அதே கொலீசியம். நிகழ்ச்சியின் பெயர் ஸ்டார்கேட்.

அரங்கில் 15,447 பேர். தெற்கு மாநிலங்களின் பல ஊர்களில் திரைமுன் உட்கார்ந்தவர்கள் தனி. கடைசி ஆட்டத்தில் ரிக் ஃப்ளேர், ஹார்லி ரேஸைக் கூண்டுக்குள் வீழ்த்தி உலக ஒற்றையர் பட்டத்தை எடுத்தார். வரலாற்றுப் புத்தகங்கள் அந்த ஆட்டத்தைப் பற்றித்தான் பக்கம் பக்கமாக எழுதுகின்றன. முதலாவது ரெஸில்மேனியா நடக்க இன்னும் பதினாறு மாதம் இருந்தது.

அதே இரவில் நம் பட்டத்துக்கும் ஒரு ஆட்டம் உண்டு. இடையில் ஜூன் மாதம் ஸ்டீம்போட் ஜோடியிடமிருந்து பெல்ட்டைப் பறித்திருந்தார்கள் ஜாக் பிரிஸ்கோவும் தம்பி ஜெர்ரி பிரிஸ்கோவும். இவர்கள் நிஜமாகவே உடன்பிறந்தவர்கள். ஓக்லஹோமாக்காரர்கள். ஜாக் பல்கலைக்கழக மல்யுத்தத்தில் தேசியச் சாம்பியன், எழுபதுகளில் என்.டபிள்யூ.ஏ. உலகச் சாம்பியன். ஸ்லாட்டர் அதற்குள் வடக்கே டபிள்யூ.டபிள்யூ.எஃப்.-க்குப் போய்விட்டார்.

ஸ்டார்கேட்டில் ஏஞ்சலோ மோஸ்கா நடுவராக நிற்க, ஸ்டீம்போட்டும் யங்பிளட்டும் பிரிஸ்கோ சகோதரர்களை வீழ்த்தினார்கள். ஐந்தாவது முறையாகப் பெல்ட் அவர்கள் கைக்கு வந்தது.

அதுதான் அவர்களுடைய கடைசி முறை. யங்பிளட் 1985-இல் ஆஸ்திரேலியாவில் இறந்தார். வயது முப்பதுதான். கூண்டுக்குள் பணயம் வைத்துக் காப்பாற்றிய ஜோடியில் ஒருவருக்கு அந்தக் கூண்டு இரவுக்குப் பிறகு இரண்டரை வருஷமே கிடைத்தது.

*

இனி, தோற்றுப்போன பிரிஸ்கோ சகோதரர்களைக் கவனியுங்கள்.

அவர்கள் வெறும் குஸ்திக்காரர்கள் இல்லை. பங்குதாரர்களும்கூட. பக்கத்து மாநிலத்தில் ஜார்ஜியா சாம்பியன்ஷிப் ரெஸ்லிங் என்ற நிறுவனத்தில் அவர்களுக்குப் பங்கு இருந்தது. அந்த நிறுவனத்தின் கையில் கிராக்கெட்டிடம் இல்லாத ஒன்று இருந்தது: அட்லாண்டாவின் டி.பி.எஸ். கேபிள் அலைவரிசையில் சனிக்கிழமை நேரம். கிராக்கெட்டின் தொலைக்காட்சி தன் வட்டாரத்தைத் தாண்டி அதிகம் போகாது. டி.பி.எஸ். நாடு முழுவதும் போகும்.

அந்த நேரத்தின்மேல் வடக்கே ஒருவர் கண் வைத்திருந்தார். தந்தையிடமிருந்து டபிள்யூ.டபிள்யூ.எஃப்.-ஐ 1982-இல் வாங்கிய வின்ஸ் மெக்மேன். வட்டார எல்லைகளை மதிப்பது அவர் தந்தை காலத்து வழக்கம். மகனுக்கு அந்த எல்லைக்கோடுகள் கண்ணிலேயே படவில்லை. 1984 ஜனவரி 23 அன்று மேடிசன் ஸ்கொயர் கார்டனில் ஹல்க் ஹோகனுக்குப் பட்டத்தைச் சூட்டினார்.

கிரீன்ஸ்பரோவில் ஜோடிப் பட்டத்தை இழந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை. 1984 ஏப்ரலில் பிரிஸ்கோ சகோதரர்கள் தங்கள் ஜார்ஜியா பங்குகளை வின்ஸ் மெக்மேனுக்கு விற்றார்கள்.

ஜூலை 14, சனிக்கிழமை மாலை. வழக்கம்போல டி.பி.எஸ்.-ஐத் திருப்பிய தெற்கத்தி ரசிகர்களின் திரையில் வின்ஸ் மெக்மேனே வந்து நின்றார்.

இந்தப் பட்டத்தைப் பதினெட்டு வருஷமாகச் சுமந்து, 2001-இல் அதே கிரீன்ஸ்பரோ கூண்டில் கொண்டுபோய் முடித்த பாதை அந்த விற்பனையில்தான் தொடங்கியதா? அல்லது திகைத்துப்போன தெற்கத்தி ரசிகர்களின் கோபமே கிராக்கெட்டுக்கு இன்னொரு கதவைத் திறந்துவிட்டதா?

அடுத்த வாரம் அட்லாண்டாவுக்குப் போவோம்.